ஐந்தாம் படியில் ஒரு கறை

இருபத்திரண்டாவது மாடியோடு லிஃப்ட் கையை விரித்துவிட்டது. அதற்கு மேல் மொட்டை மாடிக்குப் போக ஓர் இரும்பு ஏணிதான். அந்த ஏணியின் ஏழாவது கம்பியில் நின்றபடி முகம்மது கனி, தம் நாற்பத்தேழு வயதுக்குள் செய்த தவறுகளை வரிசையாக எண்ணிக்கொண்டிருந்தார். சூலியா ஸ்திரீட்டில் இருபது வருடம் நடத்திய போட்டோஸ்டேட் கடையை மூடியது முதல் தவறு. மூடிய கையோடு ஒரு துப்பறியும் பெண்ணிடம் உதவியாளராகச் சேர்ந்தது இரண்டாவது. இன்று மத்தியானம் இரண்டாம் தட்டுச் சோறு வாங்கியது மூன்றாவது.

"கனி அண்ணே, கீழ பாக்காதீங்க." மேலிருந்து துளசியின் குரல் வந்தது.

"நான் எங்க போஸ் பாக்குறேன்? கண்ண மூடிட்டு இருக்கேன்."

"கண்ண மூடினா எப்படி ஏறுவீங்க?"

"அதான் ஏறலயே. நிக்கிறேன்லா."

துளசி சிரிக்கவில்லை. எட்டு வருடம் இன்சூரன்ஸ் கம்பெனிக்காகப் பொய் பிடித்துவிட்டு, இப்போது சொந்தமாகப் பொய் பிடிப்பவள். முப்பத்து நான்கு வயது. கனியின் நகைச்சுவைகளை அவள் சம்பளத்தோடு சேர்த்துச் சகித்துக்கொண்டிருந்தாள்.

உண்மையில் ஏணிப் பயம் மேலே மிதக்கிற நுரைதான். அதற்கு அடியில் வேறொரு பயம் காலையிலிருந்தே உட்கார்ந்திருந்தது.

நஜ்வா. தங்கை காமாரியாவின் ஒரே மகள். தொலைத்தொடர்பு இன்ஜினியர். இன்னும் அரை மணி நேரத்தில், மூன்றேகாலுக்கு, இந்த மொட்டை மாடியில் இருக்கும் மின்பெட்டிக்குள் அவள் கையை விடப் போகிறாள். பத்தொன்பது நாளுக்கு முன்னால் அதே பெட்டிக்குள் கையை விட்ட, அவளோடு வேலை செய்யும் கோகுலன், இரண்டு கைகளிலும் கட்டோடும் தொண்டையில் குழாயோடும் ஆஸ்பத்திரியில் கிடக்கிறார்.

கம்பெனியின் அறிக்கை நேற்று வந்தது. கையேட்டின் ஐந்தாம் படியில் 'வலது சுவிட்சை அணைக்கவும்' என்று இருக்கிறது. கோகுலன் இடது சுவிட்சை அணைத்திருக்கிறார். கவனக்குறைவு. கதை முடிந்தது.

முடியவில்லை என்று சொன்னவள் நஜ்வா. நேற்றுச் சாயங்காலம் துளசியின் அலுவலகத்துக்கு வந்து உட்கார்ந்தவள், "அக்கா, கோகுலன் அண்ணன் காரைப் பூட்டினா மூணு தடவ இழுத்துப் பாக்கிற ஆளு. அவரு இடது வலது மாத்திட்டாருன்னா நான் நம்ப மாட்டேன். நாளைக்கு என் முறை" என்றாள். அவள் குரல் நடுங்கவில்லை. அதனால்தான் கனிக்கு நடுங்கியது.

எப்படியோ ஏணி முடிந்தது. கனி மொட்டை மாடியில் தவழ்ந்து கரையேறினார். கீழே ஜெலுத்தோங் வட்டாரத்துக் கார்கள் எறும்பாக ஊர்ந்தன. கொடிமலைப் பக்கம் மேகம் கறுத்துக்கொண்டிருந்தது. கூரையின் நட்டநடுவில், எல்லா ஓரங்களிலிருந்தும் சம தூரத்தில், ஒரு மனிதர் வியர்த்துக்கொண்டு நின்றார்.

"அவருதான் ஸுல்கிஃப்லி சார், எங்க டாக்குமெண்ட் மானேஜர்" என்று நஜ்வா காதோடு சொன்னாள். மஞ்சள் தலைக்கவசம். அதற்குள் அவள் முகம் பத்து வயதுப் பிள்ளையின் முகம் போலச் சிறுத்துத் தெரிந்தது. கனி பார்வையை வேறு பக்கம் திருப்பிக்கொண்டார்.

"நாலு மணிக்கு முடிச்சாகணும்" என்றார் ஸுல்கிஃப்லி. "மழை வந்தா தாப்பா, பரவாயில்ல, இன்னொரு நாள். ஆனா நாள் இல்ல. மழைக்காலத்துக்குள்ள எல்லா டவர்லயும் இடி தாங்குற கட்டைய மாத்தணும்."

"நாங்க ஓரமா நின்னு பாத்துக்கிறோம்" என்றாள் துளசி.

"பாருங்க. ஆனா ஓரமா நிக்காதீங்க." அவர் கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்தார்.

இந்த ஆள் ஏன் இப்படி வியர்க்கிறார்? தாமும் அப்படித்தான் வியர்த்துக்கொண்டிருந்தோம் என்பதை மறந்து கனி அவரைச் சந்தேகப் பட்டியலில் முதல் இடத்தில் வைத்தார். பட்டியலில் இரண்டாம் இடமே கிடையாது.

துளசி மின்பெட்டிக்குப் பக்கத்தில் சுவரில் திருகியிருந்த ஒரு சாம்பல் நிறப் பெட்டியைக் காட்டினாள். செங்கல் அளவுதான் இருக்கும்.

"நமக்கு வேண்டியது இதுக்குள்ளதான் அண்ணே இருக்கு. நஜ்வா, அவருக்கு ஒரு தடவ சொல்லிடு. விளங்காம பயப்படுறத விட விளங்கிப் பயப்படட்டும்."

"இது எட்ஜ் பெட்டி மாமா" என்றாள் நஜ்வா. "பெரிய சர்வர் கே.எல். தலைமை ஆபீஸ்ல இருக்கு. இது அதோட குட்டித் தம்பி மாதிரி, டவர்லயே உட்காந்திருக்கும். முன்ன எல்லாம் வேலைக்கு வந்தா தலையணை சைஸ்ல புக்கு தூக்கிட்டு வரணும். இப்ப டேப்லெட்தான். ஒவ்வொரு படியா திரையில வரும். அதச் செஞ்சிட்டு, டேப்லெட்ட மின்பெட்டிக்கு முன்னால பிடிச்சி, தலைக்கவசத்துல இருக்கிற கேமராவால ஒரு படம் எடுக்கணும். படம் எடுத்தாத்தான் அடுத்த படி வரும்."

"நிக்காஹ் வீட்டுப் போட்டோகிராபர் மாதிரி."

"படம் இந்தப் பெட்டி வழியா கே.எல். போகும். கோகுலன் அண்ணன் எடுத்ததுல முதல் நாலும் போய்ச் சேர்ந்திருச்சி. அஞ்சாவது போகல. ஏன்னா நாலாவது படியே கே.எல். போற லைன அணைக்கிறதுதான். அப்புறம் விபத்து. உடனே இந்தப் பெட்டிய சீல் வச்சி ஆஃப் பண்ணிட்டாங்க."

"அப்படின்னா அஞ்சாவது படம்..."

"எடுத்திருந்தாருன்னா, உள்ளேயே தூங்குது."

துளசி மடிக்கணினியைத் திறந்து சாம்பல் பெட்டியோடு ஒரு கேபிளை மாட்டினாள். ஸுல்கிஃப்லி சீல் டேப்பை இன்று காலைதான் கிழித்திருந்தார். பெட்டி விழித்துக்கொள்ளப் பத்து நிமிடம் ஆகும் என்றது திரை.

"பத்து நிமிஷம் கழிச்சு ஆரம்பிக்கலாமே" என்றார் கனி. "எனக்காக இல்ல. பொண்ணுக்கு மூச்சு வாங்குது."

"எனக்கு வாங்கல மாமா."

"எனக்கு வாங்குது. குடும்பத்துல யாருக்கு வாங்குனா என்ன?"

ஸுல்கிஃப்லி கைக்கடிகாரத்தைத் தட்டினார். கண்ட்ரோல் ரூம் மூன்றேகாலுக்குத்தான் அனுமதி கொடுத்திருக்கிறது; ஒரு நிமிடம் தள்ளினாலும் அனுமதி போய்விடும். நஜ்வா கனியின் தோளைத் தொட்டுவிட்டு மின்பெட்டிக்கு முன்னால் போய் நின்றாள். முதல் படி, கதவைத் திற. படம். இரண்டாம் படி, பெட்டி எண்ணைச் சரிபார். படம். மூன்றாம் படி, கண்ட்ரோல் ரூமுக்குச் சொல். படம்.

நான்காம் படி. லைனை அணை. அவள் அணைத்தாள். சுற்று வட்டாரத்தில் யார் யாருடைய கைபேசியோ ஒரு கணம் தடுமாறி, பக்கத்து டவரைப் பிடித்துக்கொண்டிருக்கும்.

"போஸ், படம் வந்துச்சா?"

"வருது."

மடிக்கணினியில் ஒரு படம் மேலிருந்து கீழாக, கோடு கோடாக இறங்கிக்கொண்டிருந்தது. ஐந்தாவது படம்! கோகுலன் அதை எடுத்துத்தான் இருக்கிறார். கனி முழங்காலில் நகர்ந்து வந்து எட்டிப் பார்த்தார். திறந்த மின்பெட்டி தெரிந்தது. கோகுலனின் இடது கை தெரிந்தது. இப்போது கட்டுக்குள் இருக்கும் அதே கை. கையில் டேப்லெட். டேப்லெட்டின் திரையில்...

வெயில். திரை முழுக்க வெயில் பட்டு வெளுத்திருந்தது. ஓர் எழுத்துக்கூடப் படிக்க முடியவில்லை. வலதுபக்கக் கீழ் மூலை மட்டும் நிழலில் தப்பியிருந்தது. அங்கே எழுத்து இல்லை; பழுப்பாக, பிறை போல ஓர் அழுக்கு.

"போச்சு" என்றாள் துளசி. அவள் அப்படிச் சொல்லிக் கனி கேட்டதே இல்லை.

"டேப்லெட்ட ஒரு தடவ தொடச்சிருக்கலாம், மனுஷன்." வாய் தன் பாட்டுக்குப் பேசியது. வாய்க்கு வேறு வேலை தெரியாது.

"லைட் ஆஃப் ஆயிருச்சு" என்றாள் நஜ்வா.

கனி திரும்பினார். அவள் ஐந்தாம் படியைச் செய்துவிட்டிருந்தாள். மின்பெட்டிக்குள் எரிந்துகொண்டிருந்த சிறு விளக்கு அணைந்திருந்தது. காற்றாடி முனகி முனகி நின்றது. திடீரென்று வந்த அந்த அமைதியில் காற்றின் சத்தம் மட்டும் கேட்டது. செத்த பெட்டி. பார்த்தால் அப்படித்தான் இருந்தது.

க்ளிக். அதே பக்கத்தின் கீழே ஆறாம் படி, மூடியைக் கழற்று. நான்கு திருகாணிகள். ஒன்று கழன்றது. இரண்டாவதைத் திருகிக்கொண்டே அவள் டேப்லெட்டைத் தரையில் வைக்க இடம் தேடினாள்.

"குடு, நான் பிடிச்சிக்கிறேன்" என்று கனி போய் வாங்கிக்கொண்டார். எதையாவது பிடித்துக்கொண்டால் தேவலை. டேப்லெட்டின் மூலையில் ஓர் அழுக்கு. இருபது வருடம் போட்டோஸ்டேட் கண்ணாடி துடைத்த கை சும்மா இருக்குமா? சட்டை நுனியால் துடைத்தார். போகவில்லை. எச்சில் தொட்டுத் துடைத்தார். போகவில்லை.

மூன்றாவது திருகாணி கழன்றது.

கனி டேப்லெட்டை வெயிலுக்குச் சாய்த்துப் பார்த்தார். பழுப்பாக, பிறை போல. கண்ணாடிக்கு மேலே இல்லை, உள்ளே இருந்தது. இந்தக் கறையை அவருக்குத் தெரியும். ஆயிரம் தடவை பார்த்திருக்கிறார். மாணவர்களும் கிளார்க்குகளும் வக்கீல் குமாஸ்தாக்களும் காப்பி எடுக்கக் கொண்டுவரும் காகிதங்களில், ஏதாவது ஒரு மூலையில், கட்டாயம் இருக்கும். தே தாரே டீக் கப்பை வைத்து எடுத்த வட்டம். காகிதத்தில்தான் அது விழும். கம்ப்யூட்டரில் அடித்த பக்கத்தில் விழாது.

அதே மூலையில், அதே பிறை, கோகுலனின் படத்தில்.

அவர் வாயிலிருந்து வார்த்தை வரவில்லை. வாழ்க்கையில் முதல் முறையாக அந்த வாய் வேலைநிறுத்தம் செய்தது. கால்தான் வேலை செய்தது. பாய்ந்து போய் நஜ்வாவின் பெல்ட்டைப் பிடித்துப் பின்னால் இழுத்தார். இருவரும் சிமெண்டுத் தரையில் மல்லாக்க விழுந்தார்கள். நான்காவது திருகாணியோடு மூடி ஒரு பக்கமாகத் தொங்கி ஆடியது.

"மாமா! என்ன பைத்தியமா?"

"கரண்ட் இருக்கான்னு டெஸ்ட் பென் வச்சியா? வச்சியா நீ?"

"திரையில சொல்லலயே. திரையில இல்லாததச் செய்யக்கூடாது. மார்க் போயிரும்."

துளசி எழுந்து வந்தாள். நஜ்வாவின் இடுப்புப் பையிலிருந்து டெஸ்ட் பென்னை உருவினாள். கையை முழுக்க நீட்டி, முகத்தைத் திருப்பிக்கொண்டு, மூடிக்கு அடியில் தெரிந்த செம்புப் பட்டைக்குப் பக்கத்தில் அதைக் கொண்டுபோனாள்.

டெஸ்ட் பென் சிவப்பாக எரிந்து கீச்சிட்டது. நிறுத்தவே இல்லை.

நஜ்வா தன் உள்ளங்கைகளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். கனி அவற்றைப் பிடித்துக்கொண்டார்.

"ஸுல்கிஃப்லி சார்," துளசியின் குரல் தணிந்திருந்தது, "இதப் படிங்க. சத்தமா."

அவர் டேப்லெட்டை வாங்கிப் படித்தார். "படி ஐந்து. இடது சுவிட்சை அணைக்கவும்..." முகம் வெளுத்தது. "இது இல்ல. இது நான் எழுதினது இல்ல. நான் வலதுன்னு போட்டேன். அடுத்த வரியே டெஸ்ட் பென். மார்ச்ல வயரிங் மாத்தினப்பவே திருத்திட்டேன்! இப்ப இடது சுவிட்சுக்கு விளக்கும் காற்றாடியும் மட்டும்தான்."

"இது பழைய புத்தகம்" என்றார் கனி. வாய் திரும்பி வந்துவிட்டிருந்தது. "காகிதத்த ஸ்கேன் பண்ணி ஏத்தியிருக்காங்க. டீக் கறையோட. எழுத்து, தலைப்பு, கட்டம் எல்லாம் ஒரே அச்சு, அதான் யாருக்கும் வித்தியாசம் தெரியல."

"நாலாவது படி வரைக்கும் கே.எல்.லேர்ந்து புதுப் பக்கம்." துளசி விரல் விட்டு எண்ணுவதைப் போலச் சொன்னாள். "நாலாவதுல லைன நாமளே அணைக்கிறோம். டேப்லெட் அஞ்சாவதுக்கு இந்தக் குட்டித் தம்பிகிட்ட கேக்குது. அது தன்கிட்ட இருக்கிற பழசக் குடுக்குது. சார், பழைய புத்தகத்துல டெஸ்ட் பென் ஏன் இல்ல?"

"அப்ப அத எழுத வேண்டியதில்ல. எல்லாரும் சொல்லாமலே வைப்பாங்க."

"இப்ப?"

ஸுல்கிஃப்லி கையிலிருந்த டேப்லெட்டைத் திருப்பினார். அதன் முதுகில் அவரே ஒட்டவைத்த ஸ்டிக்கர் இருந்தது: 'திரையில் உள்ளதைச் செய். இல்லாததைச் செய்யாதே.'

பழையவர்கள் சொல்லாததையும் செய்தார்கள். புதியவர்கள் சொன்னதை மட்டும் செய்தார்கள். இரண்டுக்கும் நடுவில் இருந்த இடுக்கில் ஒரு மனிதனின் இரண்டு கைகள் போய்விட்டன.

"பழைய புத்தகத்த இதுக்குள்ள வச்சது யாரு?" கனி ஸுல்கிஃப்லியை முறைத்தார். பட்டியலின் முதல் இடத்தை அவர் இன்னும் காலி செய்யவில்லை.

"நான் இல்ல! லைன் இல்லன்னா திரை வெறுமையாத்தான் இருக்கணும். எல்லாத்தையும் பெட்டியில ஏத்துறது அடுத்த கட்டத்துலதான்னு முடிவு."

துளசி மடிக்கணினியில் தேடினாள். பெட்டிக்குள் எது எப்போது, யார் கையால் ஏறியது என்று ஒரு பட்டியல் இருந்தது. அவள் விரல் ஒரு வரியில் நின்றது.

"ஜனவரி. ஞாயித்துக்கிழமை" என்றாள். "ஏத்தினது கோகுலன்."

நஜ்வா எழுந்து வந்து அந்த வரியைத் தானே படித்தாள்.

"போன வருஷம் மலைமேல ஒரு டவர்ல..." நஜ்வா மெதுவாக ஆரம்பித்தாள். "பாதி வேலையில திரை வெறுமையாயிருச்சு. எங்க டீம் பையன் இக்மல் நாலு மணி நேரம் மழையில உட்காந்திருந்தான். அடுத்து என்ன செய்யணும்னு தெரியாம. கோகுலன் அண்ணன் ரொம்பக் கோவப்பட்டாரு. 'நம்ம பிள்ளைங்கள இப்படி நடுக்காட்டுல விடக்கூடாது'ன்னாரு." அவள் நிறுத்தினாள். "தன்னோட புத்தகத்தையே ஸ்கேன் பண்ணியிருக்காரு. அது அவரு கப்பு மாமா. கடைசில அந்தக் கறையப் பாத்திருப்பாரு."

"அப்ப வயரிங் சரியாத்தான் இருந்துச்சு" என்றார் கனி. யாரைச் சமாதானப்படுத்துகிறோம் என்று அவருக்கே விளங்கவில்லை. "மார்ச்லதானே மாத்தினாங்க..."

"எத்தனை பெட்டியில ஏத்தினாரு?" துளசி கேட்டாள்.

நஜ்வாவின் முகத்தில் மிச்சமிருந்த இரத்தமும் இறங்கியது. "இக்மல்! ஜுரு டவர்ல. இதே வேலை. இன்னிக்கு."

அவள் கைபேசியை எடுத்தாள். மணி அடித்தது. அடித்துக்கொண்டே இருந்தது. கனி தெரிந்த துஆவையெல்லாம் ஓதினார், தெரியாததையும் ஓதினார். ஒன்பதாவது மணியில் எடுத்தான்.

"அக்கா, அப்புறம் கூப்பிடுறேன்லா. லைட் ஆஃப் ஆயிருச்சு, மூடியத் தூக்கிட்டேன்..."

"கைய எடு! இக்மல், கைய எடு! எதையும் தொடாத, பின்னால வா!"

எதுவோ தகரம் தரையில் விழுந்த சத்தம். பிறகு ஒன்றுமில்லை.

"இக்மல்?"

"...பின்னால வந்துட்டேன். ஏன்க்கா கத்துறீங்க? பயமா இருக்கு."

நஜ்வா அப்படியே குந்தி உட்கார்ந்துவிட்டாள். இதற்குள் ஸுல்கிஃப்லி கண்ட்ரோல் ரூமைப் பிடித்திருந்தார். ஓரம் என்று ஒன்று இருப்பதையே மறந்து அங்குமிங்கும் நடந்தபடி கத்திக்கொண்டிருந்தார்: எல்லா வேலையையும் நிறுத்து, ஒவ்வொரு இடமாகக் கூப்பிடு, கூப்பிட்டுக் கையெழுத்துப் போடு. இருபது நிமிடம் அவர் அந்தப் பேச்சை விடவில்லை. மழையின் முதல் துளிகள் விழுந்தபோது அவர் கையிலிருந்த பட்டியல் முழுக்கச் சரிக்குறி.

"நாப்பத்து மூணு டவர்" என்றார். "நாப்பத்து மூணும் நின்னுடுச்சு."

துளசி கோகுலனின் மனைவியைக் கூப்பிட்டாள். எல்லாரும் கேட்கும்படி ஒலியைக் கூட்டி வைத்தாள். ருக்குமணி ஆஸ்பத்திரியிலிருந்துதான் பேசினார்; குரல் தேய்ந்துபோயிருந்தது.

"அக்கா, அவரு எப்படி இருக்காரு?"

"அப்படியேதான்மா. கால்தான். கண்ணு முழிச்சதுலேர்ந்து காலால கட்டில உதைச்சிட்டே இருக்காரு. கம்பெனி ஆளுங்க வந்தா இன்னும் ஜாஸ்தி. மருந்து குடுத்துத் தூங்க வைக்கிறாங்க. முழிச்சா மறுபடியும் உதைக்கிறாரு. வலியிலன்னு சொல்றாங்க."

ஸுல்கிஃப்லி தலையைக் குனிந்துகொண்டார். "நான் போனப்பவும் உதைச்சாரு. என் மேல கோவம்னு நெனச்சேன். ரெண்டு நிமிஷத்துல கிளம்பிட்டேன்."

கோபம் இல்லை. வலி இல்லை. கையும் வாயும் இல்லாத ஒருவன் பத்தொன்பது நாளாக 'மற்றப் பெட்டிகளை நிறுத்துங்கள்' என்று கத்திக்கொண்டிருந்தான். கனி அதை நினைத்த கணம், ஏணியில் பட்டதெல்லாம் பயமே இல்லை என்று தெரிந்துகொண்டார்.

"போன அவரு காதுல வைங்கக்கா" என்றாள் துளசி. நஜ்வாவைப் பார்த்தாள்.

நஜ்வா கைபேசியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். "அண்ணே. நான் நஜ்வா. எங்களுக்குத் தெரிஞ்சிருச்சு. பெட்டி, பழைய புத்தகம், எல்லாம். நிறுத்தியாச்சு அண்ணே. எனக்கு ஒண்ணும் ஆகல."

கைபேசி வழியாக அந்தச் சத்தம் கேட்டது. தொம். தொம். தொம்.

"இன்னும் உதைக்கிறாரும்மா" என்றார் ருக்குமணி.

கனி ஸுல்கிஃப்லியின் கையிலிருந்த பட்டியலைப் பிடுங்கி நஜ்வாவின் மடியில் வைத்தார். மழையில் மை பரவாமல் தம் சட்டையை விரித்து அதற்கு மேல் பிடித்தார்.

"மொத்தமா சொன்னா அந்த மனுஷன் நம்ப மாட்டாரு. கார்க் கதவையே மூணு தடவ இழுத்துப் பாக்கிறவரு. ஒண்ணொண்ணா சொல்லு."

நஜ்வா படித்தாள். "ஜெலுத்தோங். நிறுத்தியாச்சு. ஜுரு. நிறுத்தியாச்சு, இக்மல் நல்லா இருக்கான். சிம்பாங் அம்பாட். நிறுத்தியாச்சு. பாகான் டாலாம். நிறுத்தியாச்சு..."

தொம். தொம்.

இருபதைத் தாண்டியபோது சத்தங்களுக்கு இடையே இடைவெளி விழுந்தது. முப்பதில் இன்னும் நீண்டது. மழை வலுத்தது. கனியின் கை கடுத்தது. அவர் சட்டையை இறக்கவில்லை. நாற்பது. நாற்பத்தொன்று. நாற்பத்திரண்டு.

"கடைசி, மலைமேல இருக்கிற அந்த டவர் அண்ணே. நிறுத்தியாச்சு."

அவர்கள் நால்வரும் காத்திருந்தார்கள்.

"அம்மா," என்றார் ருக்குமணி, "கால் நின்னுடுச்சு."